இரண்டாவது தாள்

1942 ஆகஸ்டு கடைசியில் பந்தல்குடி ரோட்டில் தந்திக் கம்பிகளை அறுத்துப்போட்டார்கள். மறுநாளே போலீஸ் திருச்சுழியில் பள்ளிக்கூட வாத்தியார் தாவீதுராஜின் வீட்டைச் சோதனை போட்டு, அவரையும் கூட்டிக்கொண்டு போனது. சாயங்காலம் அவர் திரும்பிவிட்டார். பரளச்சியில் காடு உழுது பிழைக்கும் சம்சாரி தனுஷ்கோடியின் கையில் விலங்கு விழுந்தது.

இருவரும் ஒரே பெஞ்சில் படித்தவர்கள். தனுஷ்கோடியின் அக்கா வெள்ளைத்தாய் இருவருக்கும் ஒரே சட்டியில் கூழ் கரைத்து ஊற்றியவள். புருஷன் செத்த பிறகு தம்பியோடுதான் இருந்தாள்.

அருப்புக்கோட்டைக் கோர்ட்டில் சர்க்கார் வக்கீல் ஒரு கடிதத்தை நீட்டினார். எந்த மைல்கல் அருகே ஆள் கூடுகிறது, எத்தனை அரிவாள் வந்திருக்கிறது என்று அதில் எழுதியிருந்தது. அடியில் பெயர் இல்லை.

தனுஷ்கோடியின் வக்கீல் வேதநாயகம் எழுந்தார். "யார் எழுதினதுன்னு நிரூபிக்காத காகிதத்தைச் சாட்சியமா எடுத்துக்க முடியாது."

"நிரூபிக்க ஆள் இருக்கு" என்றார் சர்க்கார் வக்கீல்.

தாவீதுராஜ் கூண்டில் ஏறினார். வெள்ளைத்தாய்க்கு உயிர் வந்தது. நம்ம தாவீது வந்துட்டான், இனி பயமில்லை என்று நினைத்தாள்.

"இது யார் எழுத்து?"

"தனுஷ்கோடி எழுத்து. சின்ன வயசிலிருந்து எனக்குத் தெரியும். எனக்குத்தான் எழுதினான்."

மாஜிஸ்திரேட் கடிதத்தை வாங்கி, எக்ஸிபிட் மூன்று என்று குறித்துக்கொண்டார்.

"ஏலே தாவீது, இன்னொரு தாள் எங்கடா?" தனுஷ்கோடி கத்தினான். போலீஸ்காரர் அவன் தோளை அமுக்கினார்.

"வந்தது ஒரு தாள்தான்" என்றார் தாவீதுராஜ், மாஜிஸ்திரேட்டைப் பார்த்தபடியே.

வேதநாயகம் வெள்ளைத்தாயைச் சாட்சியாக அழைத்தார். கடிதத்தைத் திருச்சுழிக்குக் கொண்டுபோய்க் கொடுத்தவள் அவள்தான்.

"ரெண்டு தாளுய்யா. நான்தான் மடிச்சுச் சுருக்குப்பையில வச்சேன்."

"ரெண்டாவது தாள்ல என்ன எழுதியிருந்துச்சு?" என்று கேட்டார் சர்க்கார் வக்கீல்.

"எனக்குப் படிக்கத் தெரியாதுங்க."

அவர் வேறெதுவும் கேட்காமல் உட்கார்ந்துவிட்டார்.

மத்தியானம் கோர்ட்டுக் கிணற்றடியில் தாவீதுராஜ் தனியாக முகம் கழுவிக்கொண்டிருந்தார். வெள்ளைத்தாய் போய் எதிரே நின்றாள்.

"அந்தத் தாள்ல என்னதான் இருந்துச்சு தம்பி?"

அவர் சுற்றிலும் பார்த்தார். "நான் போகலை, நீ அந்தக் கூட்டத்தோட போறேன்னு சொன்னியே, நீயும் போகாதே, வாத்தியார் வேலை போயிரும்னு எழுதியிருந்தான். அதக் காட்டினா நான் போனது தெரிஞ்சுருமேக்கா. எனக்கும் பிள்ளைக இருக்கு."

"தாள் எங்கே?"

"போலீஸ் வந்ததுமே அடுப்புல போட்டுட்டேன். முதல் தாளைத்தான் அவங்க கையில கொடுத்தேன்."

அவள் வேதநாயகத்திடம் ஓடினாள். அவர் மனுப்போட்டு தாவீதுராஜை மறுபடி கூண்டில் ஏற்றினார். தாவீதுராஜ் வேதப்புத்தகத்தின் மேல் கை வைத்துச் சத்தியம் செய்தார்.

"அந்தம்மாகூட நான் இன்னிக்குப் பேசவே இல்லை."

வெள்ளைத்தாய் இருந்த இடத்திலேயே எழுந்துவிட்டாள். இதே ஆள் இப்போதுதானே அக்கா என்று கூப்பிட்டார்?

கடிதமே பிரதான சாட்சியம் என்று தீர்ப்பில் எழுதினார்கள். ஒரு வருஷக் கடுங்காவல். அப்பீலும் தள்ளுபடியானது. இல்லாத தாளைக் கோர்ட்டில் யார் காட்ட முடியும்?

தனுஷ்கோடி விடுதலையாகி வந்த மாசியில் கரிசலில் பருத்தி வெடித்துக் கிடந்தது. ஒருநாள் தாவீதுராஜ் வரப்பில் வந்து நின்றார். "ஏலே தனுசு" என்றார். தனுஷ்கோடி நிமிரவில்லை. நிரையின் கடைசிவரை பருத்தி எடுத்தான். திரும்பி வந்தபோது வரப்பில் ஆள் இல்லை.

"ஏன் இப்படிப் பண்ணினேன்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல?" என்றாள் வெள்ளைத்தாய்.

"கேட்டா ஏதாச்சும் சொல்லுவான்க்கா. அதையும் நான் நம்பிருவேன்."

மடியில் இருந்த பருத்தியைச் சாக்கில் கொட்டிவிட்டு, அடுத்த நிரைக்குப் போனான்.