எந்தத் தாயின் பெயர்?

மதர் ஆஞ்ஜெலா லூர்துமேரியின் குழந்தையைப் பார்க்கத்தான் வந்தார். குனிந்து குடிசைக்குள் நுழைந்தவர் குழந்தையை விட்டுவிட்டுச் சுவரில் இருந்த படத்தைப் பார்த்துத் தன் இத்தாலி பாஷையில் ஏதோ கத்தினார். அப்புறம் சிரித்தார். சிரித்ததற்காகச் சிலுவையும் போட்டுக்கொண்டார்.

லூர்துமேரிக்கு ஒன்றும் புரியவில்லை. ராயப்பேட்டையில் படங்களுக்குக் கண்ணாடிச் சட்டம் போடும் ஷரஃபுதீன் பாய், இரண்டு வஞ்சிர மீனை வாங்கிக்கொண்டு கொடுத்த படம் அது. தலையில் முக்காடு, கையில் பேனா, மேலே பார்க்கும் கண்கள். "ஒங்க சாமிதாம்மா, எட்த்துக்கினு போ" என்றார் பாய். எந்தச் சாமி என்று அவருக்கும் தெரியாது. பேனா இருப்பதால், புத்தகம் எழுதிய புனிதை அவிலா தெரசம்மாள்தான் என்று கோயில் உபதேசியார் அடித்துச் சொல்லிவிட்டார். படித்தவர் சொன்னபின் சாந்தோம் குப்பத்தில் மறுபேச்சு ஏது?

அந்தப் படத்தின் முன்னால்தான் லூர்துமேரி மூன்று நாள் கிடந்தாள். ஐப்பசிப் புயலில் கட்டுமரத்தோடு போன புருஷன் லாசர் திரும்பவில்லை. இவளுக்கு ஏழு மாத வயிறு. ஆளைக் கரை சேர்த்துவிட்டால் பிறக்கிற பிள்ளைக்கு உன் பெயரையே வைக்கிறேன் என்று நேர்ந்துகொண்டாள். மூன்றாம் நாள் லாசர் கோவளம் பக்கம் கரையேறி, நடந்தே வந்து சேர்ந்தான். அன்று முதல் படத்துக்குத் தினம் ஒரு முழம் பூ. இப்போது பெண் பிறந்து எட்டு நாள். ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம்.

"இவர் புனிதர் அல்லர், லூர்துமேரி. சினிமா நடிகை" என்றார் மதர். மதராசுக்கு வந்து பத்து வருஷமாகியும் அவருடையது ஜெபப் புத்தகத் தமிழ்தான். அந்த நடிகையின் பெயர் ஃபியம்மா ரோவெல்லியாம். தையல்காரர் மகள், பதினாறு வயதில் நடிக்கப் போனாள். ஒரு படத்தில் கன்னியாஸ்திரி வேஷம் கட்டியபோது எடுத்த போட்டோ இது. பேசும் படம் வந்ததும் வேலை போயிற்று, புருஷனும் போனான். இப்போது கதை எழுதிப் பிழைக்கிறாள் என்று மதரின் அக்காள் கடிதத்தில் எழுதியிருந்தாளாம். "மடத்தில் சேரும் முன் அந்தச் சினிமாவை நான்கு முறை பார்த்தேன்" என்றபோது மதரின் காது சிவந்துவிட்டது. அதைப் பார்த்துத்தான் மடத்தில் சேர்ந்தாரோ என்னவோ, கேட்க லூர்துமேரிக்கு வாய் வரவில்லை.

"இப்போ உயிரோட கீறாங்களா, மதர்?"

"ரோமில் இருக்கிறார். ஏன்?"

லூர்துமேரி பாய்ந்து பூச்சரத்தைப் பிய்த்தாள். உயிரோடு இருக்கிறவள் படத்துக்குப் பூப் போடுவார்களா? செத்தவர்களுக்கல்லவா போடுவார்கள்! இரண்டு மாதமாகத் தினம் ஒரு முழம். புருஷனை மீட்டுக் கொடுத்தவளுக்கே சாவைக் கூப்பிட்டுவிட்டோமா? முதலில், மீட்டது அவள்தானா? தான் இங்கே தரையில் புரண்டபோது அவள் அங்கே சாப்பிட்டுக்கொண்டிருந்திருப்பாள். தெரசம்மாள்தான் மீட்டாள் என்றால், எவளோ ஒருத்தி முகத்தைப் பார்த்து அழுததை அவள் ஏன் காதில் வாங்க வேண்டும்? பிள்ளைக்கு ஃபியம்மா என்றே வைக்கட்டுமா என்று கேட்டதற்கு, அப்படி ஒரு புனிதை கிடையாது, சாமியார் சம்மதிக்க மாட்டார் என்றார் மதர். ஆள் மாறி நேர்த்திக்கடனைச் செலுத்தினால் கடல் சும்மா இருக்குமா? திங்கட்கிழமை லாசர் மறுபடியும் மீன்பிடிக்கப் போகிறான்.

லாசர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் தலையைச் சொறிந்தான்.

"எனக்கு இன்னா தெரியும்? நா தண்ணில கெடந்தேன். நீ எவள கூப்ட்டியோ அவ பேரையே சொல்லு, மேரி."

ஞாயிற்றுக்கிழமை சாமியார் ஞானஸ்நானத் தொட்டியிலிருந்து சிப்பியில் தண்ணீர் மொண்டு, "பிள்ளைக்கு என்ன பெயர்?" என்றார். பிள்ளையை ஏந்தியிருந்த ஞானத்தாய் தேசம்மா லூர்துமேரியைத் திரும்பிப் பார்த்தாள். லாசரும் பார்த்தான். லூர்துமேரி அந்த மூன்று நாளையும் துழாவினாள். ஒரு பெயரையும் அவள் கூப்பிட்டிருக்கவில்லை. தாயே, தாயே என்று மட்டும்தான் தொண்டை கிழியக் கத்தியிருந்தாள்.

அவள் வாயைத் திறந்தாள். சாமியார் காத்திருந்தார். பிள்ளையின் உலர்ந்த நெற்றிக்குச் சாண் தூரத்தில் சிப்பித் தண்ணீர் சொட்டுச் சொட்டாகத் தொட்டிக்குள்ளேயே விழுந்துகொண்டிருந்தது.