குருவம்மாள் காடு மலையேறியது

1976 ஆவணியில், கிரயம் ரத்தான மறுநாள் காலை, குருவம்மாளின் இரண்டு ஏக்கர் ஏலக்காடு போடிமெட்டுச் சரிவிலிருந்து இறங்கி வந்து, ராசிங்காபுரத்தில் அவள் தம்பி உக்கிரபாண்டியின் கடலைக் காட்டின்மேல் படுத்திருந்தது. நிழல் மரங்கள், ஓடை, மூடுபனி, அட்டைகள் எல்லாம் கூடவே வந்திருந்தன. உக்கிரபாண்டி வாயில் வேப்பங்குச்சியோடு அதைச் சுற்றிப் பார்த்துவிட்டு, "ஒரு வார்த்தை சொல்லிட்டு வரக்கூடாதாக்கா?" என்று மட்டும் கேட்டான்.

எஸ்டேட்டுகளில் குனிந்து ஏலக்காய் எடுத்தே இடுப்பு ஒடிந்தவள் குருவம்மாள். புருஷன் போன பிறகு, மலையில் நிலம் வைத்திருந்த வெள்ளைத்துரை என்பவரிடம் அந்தச் சரிவை வாங்கினாள். அப்போது அது வெறும் புதர். தலையைவிட்டு ஒழிந்தால் போதுமென்று விற்றார். பதிவு முடிந்ததும், அந்தப் பக்கத்து வழக்கப்படி, ஒரு கை மண்ணை அள்ளி அவள் மடியில் போட்டு, "இனி இது ஒன் பின்னால வரும் ஆத்தா" என்றார். அவள் புதரை வெட்டிக் காடாக்கினாள். பிறகு காய் விலை ஏறியது, வெள்ளைத்துரைக்குத் தூக்கம் போனது. அவர் மட்டும் பதிவு ஆபீசுக்குப் போய், விற்றது செல்லாது என்று ரத்துப் பத்திரம் எழுதிவைத்துவிட்டு, ஆட்களோடு வந்து அவள் சட்டிபானைகளைத் தூக்கி ரோட்டில் வைத்தார். வாங்கினவளை ஒரு வார்த்தை கேட்க வேண்டுமென்று யாருக்கும் தோன்றவில்லை. அக்கிரமம்தான், வேறென்ன சொல்ல. ஆனால் அவசரத்தில் மடி மண்ணைத் திருப்பி வாங்க மறந்துவிட்டார். காடு அவள் பின்னால் போய்விட்டது.

மலையில் அது இருந்த இடத்தில் பள்ளம்கூட இல்லை. மேல்காட்டு வேலியும் கீழ்காட்டு வேலியும் ஒட்டிக்கொண்டன. சர்வேயர் வந்து அளந்து, அந்த நம்பரில் நிலம் இல்லை என்று எழுதிக் கொடுத்தார். வெள்ளைத்துரை கோர்ட்டுக்குப் போனார். அமீனா ராசிங்காபுரம் வந்து, குளிருக்குத் துண்டைப் போர்த்திக்கொண்டு, பட்டாப்படி இது கடலைக் காடு என்று சொல்லிவிட்டுத் திரும்பினார். வாய்தாவுக்கு மேல் வாய்தாவாக வருஷங்கள் ஓடின. கடலை போச்சே என்ற வருத்தம் உக்கிரபாண்டிக்கு இருந்தது. அக்காளைப் போகச் சொல்ல மட்டும் அவனுக்கு வாய் வரவில்லை.

ஆனால் கீழ்நாட்டு வெயில் காட்டுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. பனி வருஷத்துக்கு வருஷம் மெலிந்தது. எண்பத்து மூன்று கோடையில் ஓடை நின்றது, செடிகள் நுனி கருகின, பூச்சரங்கள் உதிர்ந்தன. இன்னொரு கோடையை அது தாங்காது. விஷயம் தெரிந்த வெள்ளைத்துரை ஜீப்பில் வந்து இறங்கினார்.

"வெரசா மலைக்குக் கூட்டிட்டு வா குருவம்மா. காடு எம்பேர்ல இருக்கட்டும். நீ அதுலயே காய் எடுத்துப் பொழச்சுக்க."

"எங்காட்டுல நான் கூலிக்குக் காய் எடுக்கவா? நல்லாருக்குய்யா ஒன் நாயம். மலைக்கு வரத்தான் போறேன், காட்டோட. முடிஞ்சா மறி."

ஆனியில் முதல் மழை இறங்கிய காலை அவள் புறப்பட்டாள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு ரோட்டின் நடுவில் நடந்தாள். ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. காடு கொண்டை ஊசி வளைவுகளில் ஒடுங்கியும் நேர் ரோட்டில் விரிந்தும் ஏறியது. பாதி மலையில் வெள்ளைத்துரையின் ஜீப்பு எதிரே இறங்கி வந்து, ரோட்டை அடைத்து நின்றது. "வண்டிய எடுக்காத!" என்று உள்ளே இருந்த வெள்ளைத்துரை கத்தினார். டிரைவர் அழகுமலை ரிவர்ஸ் போட்டான். ஏறுகிற வண்டிக்கு இறங்குகிற வண்டி வழிவிட வேண்டும், அந்த மலையில் யாரும் மீறாத சட்டம் அது.

"ஏறி வர்றதுக்குத்தான் வழி மொதலாளி. நாளைக்கும் நான் இதே ரோட்டுல ஓட்டணும்."

வளைவு வரை பின்னுக்குப் போய் ஓரங்கட்டினான். ஈர இலைகள் வெள்ளைத்துரையின் முகத்தில் உரச, காடு தாண்டிப் போனது.

அதற்கும் மேலே போடிக்கு இறங்கும் பஸ்சு நின்றிருந்தது. என்னவென்று எட்டிப் பார்த்தவர்களிடம் கண்டக்டர், "குருவம்மா காடு ஏறுது, தாண்டட்டும்" என்றார். ஜனங்கள் வெற்றிலை போட இறங்கினார்கள்.