மச்சான் மேல் போட்ட வழக்கு

மரியாதை என்ற சொல்லைக் கேட்டாலே இப்போதெல்லாம் எனக்குக் குமட்டுகிறது.

என் நாத்தனார் புருஷன், அதாவது என் வீட்டுக்காரரின் மச்சான், தியேட்டர் வைத்திருக்கிறார். அதன் சீட் முழுவதும் எங்கள் பட்டறையில் செய்தது. ஃபோமும் ரெக்சினும் வாங்கப் பட்டறையையே அடகு வைத்தோம். சீட் போய் இறங்கியது, பில்லில் கையெழுத்துப் போட்டார், படம் ஓடுகிறது, கூட்டமும் வருகிறது. காசு மட்டும் வரவில்லை. கேட்டால், "நான் எங்க ஓடிப் போகப் போறேன்?" என்பார். ஓடினாலாவது துரத்தலாம். இந்த மனுஷன் இடத்தைவிட்டு நகரவே மாட்டார்.

மாதக் கடைசிக்குள் கடனைக் கட்டாவிட்டால் பட்டறை கைவிட்டுப் போய்விடும். அதனால் நான்தான் வக்கீலைத் தேடிப் போனேன். சொந்தக்காரர் மேல் வழக்கா என்று என் வீட்டுக்காரருக்கு உயிரே போய்விட்டது.

"கையெழுத்துப் போட்ட பில் இருக்கு. சுருக்க விசாரணை கேப்போம்," என்றார் வக்கீல். "அவர் பக்கம் உருப்படியா ஒண்ணும் இல்லன்னா சாட்சி கீட்சி இல்லாம உடனே தீர்ப்பு வந்துடும்."

"உருப்படியா ஏதாவது இருந்தா?"

"முழு வழக்கா நடத்தணும். வருஷக்கணக்கா இழுக்கும்மா."

கோர்ட்டில் மச்சானின் வக்கீல் ஒரு போட்டோவை நீட்டினார். கிழிந்த சீட். எங்கள் தையல் மட்டமாம், அதனால் பணம் தர வேண்டியதில்லையாம். எனக்கும் ஒரு பிரதி கொடுத்தார்கள். தையல் அப்படியே இருக்கிறது, நடு ரெக்சின் கோடு போட்ட மாதிரி பிளந்திருக்கிறது. த்தூ! இதுவும் ஒரு பிழைப்பா?

"ஐயா, இது பிளேடு போட்டுக் கிழிச்சது!" என்று நின்ற இடத்திலேயே கத்திவிட்டேன். எங்கள் வக்கீல் என் கையைப் பிடித்து இழுத்தார்.

நீதிபதி கோபப்படவில்லை. "இருக்கலாம்மா. தையலா பிளேடான்னு போட்டோவப் பாத்து நான் சொல்ல முடியாது. சீட்டைப் பாக்கணும், ஆளுங்களை விசாரிக்கணும்," என்றார். பிறகு மச்சானின் வக்கீலிடம் திரும்பினார். "பணம் கேட்டு வழக்கு வந்த பிறகுதான் இந்தக் குறையே வந்துச்சா? அதுக்கு முன்னாடி இந்தப் பேச்சு இருந்ததா?"

எனக்குப் போன உயிர் திரும்பியது. அப்போதுதான் அவர்கள் போனை எடுத்து ஒரு வாய்ஸ் மெசேஜைப் போட்டார்கள். என் வீட்டுக்காரரின் தேன் ஒழுகும் குரல்:

"மச்சான், சீட் எல்லாம் வந்துடுச்சா? குறை கிறை இருந்தா மனசுல வெச்சுக்காதீங்க. கை வேலைதானே, முன்ன பின்ன இருக்கும். வந்து சரி பண்ணிக் குடுத்துடறேன்."

வயிறு முட்டச் சோறு போட்டுவிட்டு, ஏதோ இருந்ததைப் போட்டேன் என்று சொல்வோமே, அந்த மாதிரிப் பேச்சு. மச்சானுக்கும் அது தெரியும். தெரிந்துதான் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறார்.

நீதிபதி என் வீட்டுக்காரரைப் பார்த்தார். "நிஜமாவே குறை இருந்துச்சா?"

இல்லை என்று ஒரே ஒரு வார்த்தை. அதைச் சொன்னால் போதும். இவர் மச்சானை ஒரு தடவை பார்த்தார், கையைக் கட்டிக்கொண்டார். "வேலைன்னா குறையே இல்லாம இருக்குமாங்க?"

பாவி மனுஷா!

"இதுல விசாரிக்க விஷயம் இருக்கு. சுருக்க விசாரணைக்கு ஒத்து வராது," என்று நீதிபதி முடித்துவிட்டார். அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன். அவர் காதில் விழுந்ததை வைத்துத்தானே அவர் முடிவு செய்ய முடியும்.

வெளி வராந்தாவில் மச்சான் எங்களை நோக்கி வந்தார், கூச்சமே இல்லாமல். என் வீட்டுக்காரர் தோளில் கையைப் போட்டார்.

"கோர்ட்டுன்னா நாலும் பேசத்தான் செய்வாங்க, மனசுல வெச்சுக்காத. உன் வேலையில யாராவது குறை சொல்ல முடியுமா? அடுத்ததா சின்ன ஸ்கிரீன் ஒண்ணு போடறேன். அதுக்கும் நீதான் சீட்டு."

என் வீட்டுக்காரர் முகம் மலர்ந்தது. "என்ன கலர் மச்சான்?" என்று கேட்டார்.

"எங்க வெச்சுத் தைப்பீங்க?" என்று வராந்தாவே திரும்பிப் பார்க்கும்படி அலறினேன். "பட்டறை போச்சுய்யா! ரெண்டு பேருமா சேர்ந்து தொலைச்சிட்டு, கலர் கேக்கறீங்களா கலர்?"

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "தப்பா எடுத்துக்காதீங்க மச்சான்," என்றார் என் வீட்டுக்காரர், "அவளுக்கு மரியாதை தெரியாது."