வக்கீல் அனுப்பிய வண்டு

ஒரு வண்டுக்காவது தன் பெயரை வைத்துவிட வேண்டும் என்பது தென்காசி வக்கீல் சிவனணைந்தபெருமாளின் ஆசை. 1934 சாரல் காலத்தில், ஐந்தருவிக்குக் கீழே தேங்கிய நீரில் கறுப்பாக ஒன்று நீந்துவதைக் கண்டதும் வேட்டியோடு இறங்கிப் பிடித்துவிட்டார்.

கரையில் துணி துவைத்துக்கொண்டிருந்த சங்கரம்மாள் எட்டிப் பார்த்தாள். "இது தண்ணி வண்டுல்லா அண்ணாச்சி. எங்க இலஞ்சிக் குளத்துல நெறைய கெடக்கு."

"ஒனக்கென்ன தெரியும்? இது உலகத்துல யாரும் பாக்காத வண்டு" என்றார் வக்கீல்.

வண்டு ஆடாமலிருக்க டப்பியில் வீட்டு அரிசியை நிரப்பி, சென்னையில் இருந்த பூச்சி நிபுணர் ஒருவருக்குத் தபாலில் அனுப்பினார். பதில் வந்ததும் உறையைப் பிரிக்காமலே நண்பர் தளவாயிடம் கொடுத்து, கோர்ட்டு வராந்தாவில் எல்லோரும் கேட்க வாசிக்கச் சொன்னார்.

ஆங்கிலக் கடிதத்தைத் தளவாய் தமிழில் சொன்னார்: "நீங்கள் அனுப்பிய நீர்வண்டு எல்லாக் குளங்களிலும் உள்ளது. கூடவே உயிரோடு வந்த நாற்பதும் அரிசி வண்டுகள். வீட்டு அரிசியை உடனே வெயிலில் காயப்போடவும்."

வராந்தாவே சிரித்தது. வக்கீல் கடிதத்தை வாங்கி மடித்துக்கொண்டார். முகம் கறுத்திருந்தாலும் குரல் இறங்கவில்லை.

"பாத்தீரா வே, அனுப்புனது ஒரு இனம். அவரு ரெண்டு இனத்துக்குல்லா பதில் எழுதுதாரு."

அடுத்த வாரமே அவர் வீட்டுப் பெயர்ப்பலகையில் 'வண்டு ஆராய்ச்சியாளர்' என்ற பட்டமும் ஏறிவிட்டது.