எச்சில் படாத பொருக்கு

மூடியைச் சுற்றிய துணியின் நான்கு முனைகளையும் கைப்பிடிக்கு மேல் இழுத்து முடிச்சுப் போட்டான் குத்ரத். முடிச்சு தளர்ந்தால் துணி தொங்கி நெருப்பில் படும், துணி இல்லாவிட்டால் மூடியில் படிந்த நீராவி சொட்டுச் சொட்டாய் இறங்கிச் சோற்றைக் குழைத்துவிடும். இரண்டும் ஏற்கெனவே நடந்துவிட்டன. போன மாதம் முழுக்க வெள்ளிக்கிழமைக்கு ஒரு பானை என்று கரியாக்கியிருந்தான். பக்கத்து வீட்டு அம்மாள் ஒரு தடவை தீயணைப்புக்காரர்களைக் கூப்பிடலாமா என்று கதவைத் தட்டியே கேட்டுவிட்டாள். ஈரானின் ரஷ்த்தில், அரிசி விளையும் ஊரில் பிறந்து வளர்ந்த ஆண்பிள்ளைக்கு இதைவிட மானக்கேடு உண்டா?

அடியில் எண்ணெய், குங்குமப்பூத் தண்ணீர், அதன்மேல் வட்ட வட்டமாய் உருளைக்கிழங்கு, அதற்கு மேல் முக்கால் வேக்காட்டில் வடித்த அரிசி. கோபுரமாய்க் குவித்து, கரண்டிக் காம்பால் ஐந்து துளை போட்டிருந்தான். எல்லாம் சரிதான். இருந்தும் வெட்கத்தை விட்டு மஹ்ரூக்குக்குப் போன் செய்தான். இரண்டு வருடங்களுக்கு முன்புவரை அவள் அவன் மனைவி.

"மூடியாச்சு. இனி எவ்வளவு நேரம்?"

"ஒரு மணி நேரம். தீயைச் சின்னதா வச்சுட்டு வெளிய போயிடு. திறந்து பாத்தேன்னா போச்சு, உனக்கு எப்பவும் அவசரம். இறக்குனதும் பாத்திரத்தொட்டியில பச்சத்தண்ணி விட்டு பானையோட அடியை அதுல வை. சுர்ருன்னு சத்தம் வரும். அப்புறம் கவுத்தா தானா விட்டுடும்."

"சரி."

"குத்ரத்." அவள் குரல் இறங்கியது. "வந்து சாப்ட்டுட்டுப் போகட்டும். அதைக் கேக்காத. சின்னப் பொண்ணு, ரெண்டு பக்கமும் இழுத்தா கிழிஞ்சுடும்."

"கேக்க மாட்டேன்" என்றான்.

அது என்னவென்று இருவருக்கும் தெரியும். மகள் பரஸ்தூவுக்கு ஒன்பது வயது நிறைந்துவிட்டது. இனி யாரோடு இருப்பது என்று அவளே சொல்லலாம். வரும் செவ்வாய்க்கிழமை நீதிபதி கேட்கப்போகிறார். அதற்காகவே தெஹ்ரானுக்குப் பேருந்து ஓட்டுவதை விட்டுவிட்டு நகரப் பேருந்துக்கு மாற்றல் வாங்கியிருந்தான். அவளுக்கென்று ஒரு அறை, பச்சை நிறத் திரைச்சீலை, சுவரோரம் மேசை, எல்லாம் தயார். அவள் வாயிலிருந்து ஒரு சொல் வரவேண்டும், அவ்வளவுதான். அந்த ஒரு சொல்லுக்காக மனிதன் ஒரு மாதமாய்ச் சரியாகத் தூங்கவில்லை.

தெஹ்ரான் பேருந்து ஓட்டிய பதினோரு வருடத்தில் வாரத்துக்கு இரண்டு நாள்தான் வீட்டில் இருப்பான். அதில் ஒரு நாள் தூக்கத்தில் போகும். "விருந்தாளி மாதிரி வர்ற, விருந்தாளி மாதிரி போற. இது சத்திரமா, வீடா?" என்று மஹ்ரூக் முதலில் சிரித்துக்கொண்டு கேட்டாள், பிறகு அழுதுகொண்டு கேட்டாள், பிறகு கேட்பதையே நிறுத்திவிட்டாள். அவள் கேட்பதை நிறுத்தியதும் வீட்டில் நிம்மதி வந்துவிட்டதென்று நினைத்த மகாபுத்திசாலி இவன்.

ஆனால் அந்த இரண்டு நாளிலும் ஒரு கூத்து நடக்கும். மஹ்ரூக் பானையைக் கவிழ்த்ததுமே பரஸ்தூ விரிப்பின் மேல் தவழ்ந்து வருவாள். பானையின் அடியில் பிடித்த பொன்னிறப் பொருக்கில் பெரிய துண்டாய்ப் பார்த்து எடுத்து, அவன் கை நீளுவதற்குள் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நாக்கால் நக்கிவிடுவாள். "எச்சில் பண்ணிட்டேன்! இனி என்னோடது!" அவன் சும்மா விடுவானா? அந்த எச்சில் துண்டையே பிடுங்கி ஒரு கடி கடிப்பான். அவள் வீடு இடிய அலறுவாள். எங்கள் ஊரில் மற்ற எதற்கும் மரியாதை உண்டு. வந்தவர் மூன்று முறை வேண்டாம் என்பார், இருப்பவர் மூன்று முறை வற்புறுத்துவார். சொந்த வீட்டில் தஹ்திக் என்னும் இந்தப் பொருக்குக்கு மட்டும் மரியாதை கிடையாது, அடிதடிதான்.

பன்னிரண்டரைக்கு மணி அடித்தது. பரஸ்தூ மழைக்கோட்டோடு நின்றாள். செருப்பைக் கழற்றிச் சுவரோரமாய் ஜோடி சேர்த்து வைத்தாள். கையில் ஒரு சிறிய இனிப்புப் பெட்டி.

"இது உங்களுக்கு பாபா. அம்மாவும் நானும் வாங்கினோம்."

"எதுக்கும்மா இதெல்லாம்?" என்று வாங்கிக்கொண்டான். அப்போதும் அவனுக்கு உறைக்கவில்லை.

பானையைத் தண்ணீரில் வைத்தான். சுர்ரென்றது. ஆக்கப் பொறுத்தவன் ஆறவும் பொறுத்தான். தட்டைக் கவிழ்த்து மூடி, கடவுளை நினைத்துக்கொண்டு ஒரே புரட்டு. பானை கழன்று வந்தது. முழு நிலவாய் உட்கார்ந்திருந்தது பொருக்கு. ஒரு விரிசல் இல்லை, கருகல் இல்லை. உருளை வட்டங்கள் ஓரத்தில் சிவந்து மினுங்கின. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது அவனுக்கு. விரிப்பின் நடுவே தட்டை வைத்துவிட்டு, பூண்டு போட்ட கத்திரிக்காயை ஓரமாய்த் தள்ளி, தயாராய் உட்கார்ந்தான். கைகூட லேசாய் முன்னால் நீண்டிருந்தது, பிடுங்குவதற்கு.

பரஸ்தூ முழங்காலை மடித்து நேராக உட்கார்ந்திருந்தாள். "ரொம்ப அழகா இருக்கு பாபா" என்றாள். கை மடியிலேயே இருந்தது.

"எடும்மா."

"இல்ல, நீங்க முதல்ல எடுத்துக்குங்க."

சிரித்தான். விளையாடுகிறாளோ? "அட, உனக்காகத்தானே பண்ணேன். எடு, எடு."

"உண்மையாவே வேண்டாம் பாபா, நீங்கதான் சிரமப்பட்டுப் பண்ணீங்க. நீங்க சாப்பிடுங்க."

அவள் முகத்தில் விளையாட்டு இல்லை. அத்தை வீட்டிலும் ஆசிரியை வீட்டிலும் எப்படி நடந்துகொள்ள வேண்டுமென்று சொல்லிக் கொடுத்ததைப் பிசகாமல் செய்கிற குழந்தையின் கவனம் அது. இரண்டு முறை மறுத்தாயிற்று. அவன் வற்புறுத்த இன்னும் ஒரு முறை பாக்கி. இப்போது அவன் பேசாமல் இருந்துவிட்டால் அவள் எடுக்கவே மாட்டாள், ஆசை இருந்தும் பட்டினியாய் எழுந்து போவாள். குத்ரத் நீட்டியிருந்த கையை மடக்கிக்கொண்டான்.

"என் உயிர் மேல ஆணை, ஒரு துண்டாவது எடுத்துக்கணும்" என்று விருந்தாளியிடம் சொல்வது போலவே சொன்னான்.

"நீங்க சொல்றதால எடுத்துக்கறேன்" என்று ஓரத்திலிருந்து உள்ளங்கையளவு உடைத்து, முள்கரண்டியால் தன் தட்டில் வைத்துக்கொண்டாள். சத்தம் வராமல் மென்றாள். நன்றாக இருக்கிறது என்றாள், பள்ளிக்கூடத்தில் நடந்ததைச் சொன்னாள், இரண்டாம் முறை சோறு கேட்டாள். எல்லாவற்றுக்கும் அவன் தலையாட்டினான். திரைச்சீலை போட்ட அறைக்கதவு சாத்தியே இருந்தது. திறந்து காட்ட அவனுக்குத் தெம்பு வரவில்லை.

மூன்று மணிக்குக் கீழே மஹ்ரூக்கின் கார் ஒலி கேட்டது. பரஸ்தூ செருப்பை மாட்டிக்கொண்டு நிமிர்ந்து, விருந்து வைத்தவருக்குச் சொல்லும் நன்றியைச் சொன்னாள்.

"உங்க கை வலிக்காம இருக்கணும் பாபா. ஒரு நாள் நீங்களும் எங்க வீட்டுக்கு வாங்க."

கேட்க மாட்டேனென்று வாக்குக் கொடுத்த கேள்விக்குக் கேட்காமலே பதில் வந்துவிட்டது. குனிந்து அவள் கோட்டின் மேல் பொத்தானைப் போட்டுவிட்டான். என்ன சொல்வதென்று யோசிக்கவும் வேண்டியிருக்கவில்லை. விருந்தாளியை வழியனுப்பும் சொல் பழக்கத்தில் தானாக வாயில் வந்தது.

"உன் பாதம் என் கண் மேல, கண்ணு. எப்ப வேணா வா."

அவள் படியிறங்கும் சத்தம் ஓயும்வரை நின்றான். உள்ளே வந்தபோது விரிப்பின் நடுவே பொருக்கு அப்படியே இருந்தது, ஓரத்தில் உள்ளங்கையளவு மட்டும் குறைந்து. உட்கார்ந்து ஒரு பெரிய துண்டை உடைத்தான். வெறும் வீட்டில் அது உடைந்த சத்தம் பெரிதாய்க் கேட்டது. இந்தப் பக்கம் ஒரு முறை, அந்தப் பக்கம் ஒரு முறை நாக்கால் நக்கினான். பிறகு அதைத் தின்னாமல், பிடுங்க வருகிறவர்களுக்கு எட்டுகிற உயரத்தில் கையில் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான். தகரக் கூரையில் மழை வலுத்தது.