வாசலில் ஊற்றிய தண்ணீர்

சூபிர் எழுதுவான், இயக்குவான், நடிப்பான். அல்ஜீரியாவில் இருபது வருடமாக இந்த மூன்றையும் ஒற்றை ஆளாகச் செய்துவந்தான். எழுத்தைப் புகழ்ந்தார்கள், இயக்கத்தைப் புகழ்ந்தார்கள். நடிப்பு என்றதும் பேச்சை மாற்றினார்கள். அது அவனை உள்ளுக்குள் அரித்தது. இந்தப் படத்திலாவது ஒரு வாய் அவன் நடிப்பை மெச்சிவிடாதா என்று ஏங்கினான்.

கதை யமீனாவுடையது. உள்நாட்டுப் போர் நடந்த தொண்ணூறுகளில் ஒரு மதியம், கான்ஸ்டன்டீன் நகரில் தன் வீட்டு வாசலிலிருந்து சந்துப் படிகளில் இறங்கிப் போன அவள் மகன் மெனூவர் திரும்பவில்லை. புறப்படுகிறவன் பின்னால் தண்ணீர் ஊற்றினால் அவன் திரும்பி வருவான் என்று அங்கே எல்லா வீட்டிலும் ஊற்றுவார்கள். அன்றைக்கு ஏதோ சண்டை, யமீனா ஊற்றவில்லை. அந்த ஒரு சொம்புத் தண்ணீர் இன்னும் அவள் நெஞ்சில் கனக்கிறது.

வீட்டையும் மகனின் பழுப்புக் கோட்டையும் படத்துக்குக் கொடுத்தவள் ஒன்றே ஒன்று கேட்டாள். "கடைசிக் காட்சியில தண்ணிய நான்தான் ஊத்துவேன்."

"தாராளமா ஊத்துங்க பெரியம்மா. ஆனா கதைப்படி புள்ள திரும்பி வரமாட்டான்."

"அத நீ எழுதின. நான் எழுதல."

மெனூவராக நடிக்கும் சூபிர் அந்தக் கோட்டை மாட்டிக்கொண்டு படியிறங்கினான். பின்னால் தண்ணீர் சளீரென்று விழுந்தது. திருப்பம் தாண்டியதும் "கட்!" என்று கத்தினான். தான் நடிக்கும்போதுகூட அந்தச் சொல்லை அவன் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை.

"அண்ணே, கல்யாண விருந்துக்குப் போற மாதிரி நடக்கிறீங்க," என்றாள் கேமராக்காரி நஸீமா. மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் சரியில்லை.

ஒவ்வொரு முறை அவன் படியேறி வரும்போதும் யமீனாவின் முகம் மலர்ந்தது. "பாத்தியா, ஊத்தினா புள்ள வந்துடுது."

சூபிர் சிரித்து மழுப்பினான்.

அடுத்த முறை கால்கள் தாமாகவே நடந்தன. நன்றாக வந்துவிட்டது என்று அவனுக்கே தெரிந்தது. திருப்பத்தில் சந்தோஷத்தில் நின்றவன் கட் சொல்ல மறந்துபோனான். மேலே ஏறி வந்தபோது கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. வீட்டுக் கதவு சாத்தியிருந்தது.

"எப்படி வந்திருக்கு?"

நஸீமா அவனைப் பார்த்தாள். கதவைப் பார்த்தாள். முகம் வெளிறியது.

"இப்பத்தானே உள்ள போனீங்க? ஏறி வந்து நிலைப்படியில நெத்திய வச்சு நின்னீங்க. பெரியம்மா கையப் புடிச்சுக் கூட்டிட்டுப் போனாங்க. அண்ணே, உங்க வாழ்க்கையிலயே நீங்க இப்படி நடிச்சதில்ல."

இருபது வருடம் கேட்க ஏங்கிய வார்த்தை. அது வேறு யாருக்கோ போயிருந்தது. குளிர்ந்தது. குனிந்து பார்த்தான். கோட்டு அவன் உடம்பில் இல்லை.

கதவைத் தட்டினான். "பெரியம்மா, நான் சூபிர்! திறங்க!"

"படம் முடிஞ்சுது, போப்பா," என்றது யமீனாவின் குரல். இத்தனை நாளில் அந்தக் குரலில் அப்படி ஒரு நிம்மதியை அவன் கேட்டதில்லை. "என் புள்ள சாப்பிடுறான்."

உள்ளே தட்டில் கரண்டி உரசியது. பிறகு சூபிரின் குரல், அச்சு அசலாக, உள்ளேயிருந்து கத்தியது:

"கட்!"

நஸீமா கேமராவை அணைத்தாள். மற்றவர்கள் கம்பிகளைக் கழற்றினார்கள்.

"நஸீமா! நான் இங்க நிக்கிறேன்!"

அவள் வேடிக்கை பார்க்க வந்தவனைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். "கொஞ்சம் வழி விடுங்கய்யா, சாமான் இறக்கணும்."

ஒதுங்கி நின்றான். எல்லோரும் இறங்கிப் போனார்கள். படியில் ஈரம் காய்ந்துகொண்டிருந்தது. அந்தத் தண்ணீரை யாரும் அவனுக்காக ஊற்றவில்லை.