பிரேசில்காரர் கையில் போட்ட உளுந்து

அன்று எங்கள் வீட்டு மாடி ஹாலில் இருந்தவர்கள் இவர்கள்: வீட்டுக்காரனாகிய நான், அப்பாசாமி. ரங்கூன் பயின்னாங் சந்தையில் எங்கள் பருப்புக் கடையை இப்போது நடத்தும் என் மகன் கோபிகிருஷ்ணன். இறந்துபோன என் தம்பியின் மகள் தமிழரசி. ஹோட்டலில் வேலை பார்ப்பவள், ஆங்கிலத்தை மாற்றிச் சொல்ல வந்தவள். எங்களைப் போலவே உளுந்து ஏற்றுமதி செய்யும் ஜாபிர். தரகர் ஊ தெய்ன் ஷ்வே, பர்மியர், ஆனால் தமிழ் நன்றாகப் பேசுவார். பிரேசிலிலிருந்து வந்த வால்மிர் பெர்த்தோல்டி. அவருடைய பிரசாரச் செயலாளர் லூசியானா என்ற அம்மாள், கேமராவோடு. என் மனைவி ராதாமணி சமையலறையில் இருந்தாள். கதவு திறந்திருந்தது, எல்லாம் அவள் காதிலும் விழுந்தது. வேறு யாரும் இல்லை. தாங்களும் இருந்ததாகச் சொல்லிக்கொள்கிறவர்கள் பலர்.

பிரேசிலுக்கு உளுந்து விதை கொடுத்தது அப்பாசாமி வீடு என்று சந்தையில் வெகு நாளாக ஒரு பேச்சு இருந்தது.

விவரம் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். இங்கே மட்பே என்று சொல்லும் உளுந்தை இந்த நாட்டுக்காரர்கள் விளைவிக்கிறார்களே தவிர அதிகம் சாப்பிடுவதில்லை. மூட்டை மூட்டையாகச் சென்னைக்குப் போய் அங்கே இட்லியும் வடையும் ஆகிறது. என் தகப்பனார் காலத்திலிருந்து எங்கள் பிழைப்பு அதுதான். சில வருடங்களாக பிரேசிலும் உளுந்து விளைவித்து இந்தியாவுக்கு அனுப்புகிறது. விலை இறங்கியது. விலை இறங்கினால் சந்தை காரணம் தேடும். அந்தக் காரணத்துக்கு ஒரு வீட்டு விலாசம் கிடைத்துவிட்டால் அப்புறம் தேடுவதை நிறுத்திவிடும்.

விலாசத்தைக் கொடுத்தவர் பெர்த்தோல்டிதான். அவருடைய தேர்தல் கூட்டப் பேச்சு ஒன்று ஃபேஸ்புக்கில் வந்தது. யாரோ அதன் கீழே பர்மிய மொழியில் எழுத்துப் போட்டிருந்தார்கள். "ரங்கூனில் ஒரு முதியவர் என் உள்ளங்கையில் ஒரு பிடி உளுந்தைப் போட்டார். கொண்டுபோய் விதை, உன் ஜனங்கள் பிழைப்பார்கள் என்றார்." கூட்டம் எழுந்து நின்று கைதட்டுகிறது. இந்தியா திடீரென்று இறக்குமதிக்கு வரம்பு போட்ட வருடம் அவர் பயின்னாங்குக்கு வந்ததும், எங்கள் கடையில் உட்கார்ந்ததும், எங்கள் வீட்டில் சாப்பிட்டதும் எல்லோருக்கும் தெரியும். எந்த முதியவர் என்று யாரும் கேட்கவில்லை.

பயின்னாங்கில் வியாபாரம் வாய்ச்சொல்லில் நடப்பது. அப்பாசாமி வீடு என்றால் லாரி கிளம்பும். அந்த வீடியோவுக்குப் பிறகு எங்கள் ஆட்களிடம், எழுதிக் கொடுங்கள் என்று கேட்கத் தொடங்கினார்கள். மரியாதையாகத்தான் கேட்டார்கள். என் தகப்பனாரிடம் அப்படிக் கேட்டவர் ஒருவர்கூடக் கிடையாது.

அப்படியிருக்க, இந்த மாசியில், புதுச் சரக்கு வரத் தொடங்கிய நேரத்தில், அந்த மனிதரே ரங்கூனில் வந்து இறங்கினார். உளுந்து வியாபாரிகளோடு பேச வேண்டும், ஆனால் ஹோட்டலில் வேண்டாம், முதலில் சாப்பிட்ட வீட்டில்தான் பேசுவேன் என்று தமிழரசியிடம் சொல்லி அனுப்பினார். நான் சம்மதித்தேன். ஜாபிரையும் ஊ தெய்ன் ஷ்வேயையும் நானே கூப்பிட்டேன். அந்தப் பேச்சைச் சந்தையில் அதிகம் பேசியவர்கள் அவர்கள் இருவரும்தான். அவர்கள் முன்னாலேயே அவரிடம் கேட்டு முடித்துவிட நினைத்தேன்.

அன்று எங்கள் தெருவுக்கு மின்சாரம் மதியம் வந்தது, ஐந்து மணிக்குப் போய்விடும். லூசியானா அம்மாள் விளக்குகளை நிறுத்தி வைத்துக்கொண்டு, நிமிடத்துக்கொரு முறை கைக்கடிகாரத்தைப் பார்த்தார். கோபியின் போன் அடித்துக்கொண்டே இருந்தது. ஊருக்கு வெளியே தன்லியினில் உள்ள எங்கள் கிடங்கில் லாரிகள் காத்திருந்தன. அவன் எடுப்பான், ஒரு வார்த்தை சொல்வான், வைப்பான், மறுபடி எடுப்பான்.

பெர்த்தோல்டி பந்தியிலும் ஓர் இடத்தில் உட்காரவில்லை. நாலு வாய் சாப்பிடுவார், எழுந்து ஜன்னலுக்குப் போவார், திரும்பி வந்து உட்காருவார். பேச்சு மட்டும் நிற்கவில்லை. முதல் தடவை வந்தபோது அவர் மாட்டோ குரோசோ என்ற மாநிலத்தில் டிராக்டரும் விதையும் விற்கிற வியாபாரி. அதற்கு முன் நகரத் தலைவர் தேர்தலில் நின்று தோற்றிருந்தார். ஊர் திரும்பியதும் கவர்னர் அவரைக் கூப்பிட்டு மாநிலத்தின் பொருளாதாரத் துறையைக் கொடுத்தார். சோயா அறுத்த நிலத்தில் இரண்டாம் போகமாகப் பருப்புப் போடுகிறவர்களுக்கு இவர் வரியைக் குறைத்தார், வங்கிக் கடன் வாங்கித் தந்தார். பிறகு தலைநகரில் வெளிநாட்டு வர்த்தகப் பதவி. டெல்லிக்குப் போய்ப் பேசிச் சந்தையைத் திறந்தார். ஏற்றுமதிக்கு வரி போடலாம் என்று நிதித் துறை சொன்னபோது பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு, அவர்கள் முன்னாலேயே பதவியை விட்டார். இப்போது செனட் தேர்தலில் நிற்கிறார். பதவிக்கு வந்த கதையைவிடப் பதவியை விட்ட கதையை நன்றாகச் சொன்னார்.

"விட்டதுக்கு அப்புறம்தான் ஜனங்களுக்கு இவரு பேரு ஞாபகத்துல நின்னுச்சாம்," என்று தமிழரசி மாற்றிச் சொன்னாள்.

"நம்ம பக்கம் பதவிய விட்டவன் பேரே காணாமப் போயிடும்," என்றார் ஜாபிர். "இத மாத்திச் சொல்லாதம்மா."

"சொல்லல சித்தப்பா. எனக்கும் வேல வேணும்."

இலை எடுத்த பிறகு அவர் வந்த காரியத்தைச் சொன்னார். பிரேசிலில் அறுவடை ஜூன், ஜூலையில். அவர்களுடைய விவசாயிகள் சங்கம் அவர் சொல்லைக் கேட்கும். செப்டம்பர் முடியும்வரை அங்கிருந்து ஒரு கப்பலும் கிளம்பாமல் பார்த்துக்கொள்வார். அதற்குள் பர்மாச் சரக்கு நல்ல விலைக்குப் போய்விடும். இரண்டு பக்கமும் ஒருவர் விலையை ஒருவர் வெட்ட வேண்டியதில்லை.

ஜாபிர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். ஊ தெய்ன் ஷ்வே வெற்றிலையை வாயில் ஒதுக்கிவிட்டு, "ஊ வால்மி நல்ல மனுஷர்," என்று பர்மிய வழக்கப்படி பெர்த்தோல்டிக்கும் மரியாதை சேர்த்துச் சொன்னார்.

"அவங்க விவசாயிங்க எதுக்காகக் காத்திருக்கணும்? அவங்களுக்கு நஷ்டம்தானே?" என்று நான் கேட்கச் சொன்னேன்.

அதற்கும் பதில் வைத்திருந்தார். ரங்கூனுக்கு நாம் நன்றிக்கடன் பட்டவர்கள் என்று அவர்கள் நம்பினால் காத்திருப்பார்கள். பாதி நம்பிவிட்டார்கள். மீதிக்கு ஒரு சின்ன வீடியோ போதும். நான் இந்த நாற்காலியில் உட்கார்ந்து, அன்று போட்டது போலவே இன்றும் ஒரு பிடி உளுந்தை அவர் கையில் போட வேண்டும். இவர்தான் எங்களுக்கு விதை தந்தவர் என்று அவர் சொல்வார். நான் தலையசைத்தால் போதும்.

சமையலறையில் பாத்திரச் சத்தம் நின்றது.

"தமிழு, கேளு. வெதைய நெசமா எங்க வாங்குனாரு?" என்றேன்.

அவள் கேட்டாள். பெர்த்தோல்டி கொஞ்சமும் சங்கடப்படவில்லை. அரசாங்க ஆராய்ச்சி நிலையத்தில் வாங்கியது என்றார். வெளிநாட்டு ரகங்களை வரவழைத்துப் பரிசோதித்து, அனுமதி வாங்கி, மூன்று துறைகளில் கையெழுத்து வாங்கி, வருடக்கணக்கில் இழுத்த வேலை. "அதைக் கூட்டத்தில் சொன்னேன். பாதிப் பேர் கொட்டாவி விட்டார்கள். உங்களைச் சொன்னேன், எழுந்து நின்றார்கள்."

நான் ஜாபிரைப் பார்த்தேன். "கேட்டீரா?"

"கேட்டேண்ணே. நாங்க பேசுனது தப்புத்தான்."

"ஊ தெய்ன் ஷ்வே?"

"தப்பு, ஊ அப்பாசாமி. கதோ கதோ," என்று மன்னிப்புக் கேட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார்.

எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டது. எழுந்திருக்கப் போனேன். ஜாபிர் என் முழங்காலில் கை வைத்தார்.

"அண்ணே, ஒரு வார்த்த. போன வருஷம் நீங்க குடுத்தீங்கன்னு சொன்னது நஷ்டம். இன்னிக்கு அதையே சொன்னா லாபம். நாலு மாசம் சந்த நம்ம கையில. எவ்வளவு பேரு பொழப்பாங்கன்னு பாருங்க."

"அப்ப, நேத்து என்னைத் திருடன்னு சொன்ன வாய், இன்னிக்கு ஆமா திருடன்தான்னு என்னையே சொல்லச் சொல்லுது."

"தானம்னு சொல்லுங்கண்ணே. திருட்டுன்னு யாரு சொன்னா?"

"இந்த நாட்டு வெவசாயி வயித்துல அடிச்சிட்டுக் குடுக்கிறது தானமா?"

கோபி போனை மேசைமேல் கவிழ்த்து வைத்தான். "அப்பா, ஒரு நிமிஷ வீடியோ. பிரேசில்ல எவனோ பாக்கப் போறான். இங்க லாரி நிக்குது, வாங்கின சரக்கு கெடங்குல கெடக்கு. நீங்க கடைக்கு வர்றதில்ல. வெலய நான்தான் தெனம் பாக்கிறேன்."

"பாரு. அதுக்குத்தான் கடைய ஒங்கிட்ட குடுத்திருக்கு."

"அப்படின்னா நான் சொல்றேன். நான் குடுத்தேன்னு சொல்றேன். ஒங்க கவுரவமெல்லாம் எனக்கு வேணாம்."

சொன்னதோடு நிற்கவில்லை. எழுந்து போய் விளக்குகளுக்கு நடுவே போட்டிருந்த நாற்காலியில் உட்கார்ந்தான். லூசியானா அம்மாள் யாரையும் கேட்காமல் கேமராவைத் தட்டினார். சிவப்புப் பொட்டு எரிந்தது. பெர்த்தோல்டி சட்டையை இழுத்து விட்டுக்கொண்டு அவன் பக்கத்தில் போய் நின்றார். ராதாமணி சமையலறை வாசலுக்கு வந்துவிட்டாள். என்னைத்தான் பார்த்தாள்.

நான் நேரே போய்க் கேமரா முன்னால் நின்றேன். மகனை எழுப்பவில்லை. அவனுக்கும் கேமராவுக்கும் நடுவில் நின்றேன்.

"தமிழு, நான் சொல்றத அப்படியே இங்கிலீசுல சொல்லு. கூட்டாத, கொறைக்காத."

"பெரியப்பா, அப்படியேவா?"

"அப்படியே."

நான் சொன்னது இதுதான். "இவர் எங்க கடைக்கு வந்தது உண்மை. சரக்கோட மாதிரி பாக்கணும்னு கேட்டார். இவர் கையில ஒரு பிடி உளுந்து போட்டதும் உண்மை. எங்க கடை வழக்கப்படி மாதிரியப் பாக்கலாம், பல்லால கடிச்சும் பாக்கலாம். பேரம் முடியாம ஒருத்தரும் ஒரு மணிய வெளிய கொண்டுபோக முடியாது. இவர் பேரம் முடிக்கல. நான் தட்ட நீட்டுனேன், இவர் திருப்பிக் கொட்டுனார். கையில ஒட்டுன ஒண்ணு ரெண்டையும் தட்டிவிட்டார். வெதன்னு நான் சொல்லல, இவரும் கேக்கல. என் மகன் அன்னிக்கு ரங்கூன்லயே இல்ல, மண்டலேக்குச் சரக்கு வாங்கப் போயிருந்தான். எங்க வீட்டுல யாரும் பிரேசிலுக்கு வெத குடுக்கல."

தமிழரசி சொல்லி முடித்தாள். எதையும் விடவில்லை.

பெர்த்தோல்டி கையை உயர்த்தினார். சிவப்புப் பொட்டு அணைந்தது. அவர் தன் உள்ளங்கையை ஒரு முறை பார்த்துக்கொண்டார்; பிறகு சிரித்தார். தட்டு நீட்டியது ஞாபகம் இருக்கிறது என்றார். அந்தப் பாதியைச் சொன்னால் கதை நிற்காது என்று விட்டுவிட்டாராம்.

"என் நாட்டுப் பத்திரிகைக்காரன் ஒருவன் போன் செய்து கேட்டால் என்ன சொல்வீர்கள்?" என்று கேட்டார்.

"இதத்தான்."

"எதிர்க்கட்சிக்காரன் கேட்டால்?"

"யாரு கேட்டாலும்."

"அப்படியானால் என்னால் இதை வைத்துக்கொள்ள முடியாது," என்றார். "தேர்தலில் மட்டும் நின்றுவிடாதீர்கள், நூறு ஓட்டுக்கூட வராது."

"நிக்க இங்க யாரும் கூப்பிடல," என்றேன். ஊ தெய்ன் ஷ்வேக்குச் சிரிப்பு வந்து வெற்றிலை புரையேறியது.

அவர் கோபப்படவில்லை. ராதாமணியிடம் போய்ச் சாப்பாட்டுக்கு நன்றி சொன்னார். வீடியோ இல்லாமலே சங்கத்தில் பேசிப் பார்க்கிறேன் என்று சொல்லி ஜாபிருக்குக் கை கொடுத்தார். படியில் இறங்கும்போது மின்சாரம் போனது. லூசியானா அம்மாள் போன் வெளிச்சத்தில் விளக்குக் கம்பிகளைச் சுற்றி எடுத்துக்கொண்டு அவர் பின்னால் போனார்.

கோபி தன்லியினுக்குக் கிளம்பும் முன் வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டே, "நாலு மாசம்பா," என்றான். மறுபடியும் அதையே சொன்னான். அவன் கணக்குத் தவறு என்று நான் இன்றும் சொல்ல மாட்டேன்.

இரண்டு வாரம் கழித்துத் தமிழரசிக்குச் செய்தி வந்தது. பிரேசில் விவசாயிகள் சங்கம் சம்மதிக்கவில்லை. கப்பல்கள் அறுவடை முடிந்த கையோடு கிளம்பும். செய்தி தெரிந்த அன்று காலையிலேயே பயின்னாங்கில் விலை இறங்கியது. மூட்டைகளுக்கு நடுவே ஆட்கள் போனும் கையுமாக அலைந்தார்கள். வாங்குவதா விற்பதா என்று தெரியாமல் வாங்கினார்கள், விற்றார்கள். நான் அன்று கடைக்குப் போய் உட்கார்ந்தேன். வெகு நாளாகப் போகாத கடை. போக வேண்டும் என்று தோன்றியது.

ஜாபிர் தன் பங்கைச் செய்தார் என்பதையும் சொல்லியாக வேண்டும். அப்பாசாமி வீடு விதை கொடுக்கவில்லை, என் காதால் கேட்டேன் என்று கடை கடையாகச் சொன்னார். விதைப் பேச்சு நின்றுவிட்டது. எங்களிடம் எழுதித் தரச் சொல்லிக் கேட்பதும் நின்றது. ஆனால் விலை இறங்கிய சந்தைக்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது. இப்போது வேறு பேச்சு. வீடியோவுக்கு அப்பாசாமி டாலரில் பெரிய தொகை கேட்டாராம், பிரேசில்காரர் கொடுக்க மறுத்தாராம், அதனால்தான் ஏற்பாடு முறிந்ததாம். ஆற்றுக்கு அக்கரை டாலாவிலிருந்து படகில் வந்த ஒருவர் அதை என் மைத்துனரிடமே சொல்லியிருக்கிறார்.

அது பொய். நான் பணம் கேட்கவில்லை, அவரும் தருவதாகச் சொல்லவில்லை. அன்று எங்கள் வீட்டில் எந்தத் தொகையும் பேசப்படவில்லை.